மோர்டனில் எடுத்த செத்தவீடு

அன்ரி,

இன்று நான் வேலை செய்யும் சலவைக் கடைக்கு ஒரு கூறைச்சேலை வந்தது. மடிப்பை விரித்ததும் சாம்பிராணி மணத்தது. உங்கள் கூறை நினைவுக்கு வந்தது.

ஈழத்துப் படம் எடுக்கப் போகிறேன் என்று நீங்கள் நம் ஆட்கள் நிறைய இருக்கும் மோர்டனில் வீடு வீடாக ஏறி இறங்கியபோது நானும் பின்னால் வந்தேன். பள்ளிக்கூடத்தை இடையில் விட்டு அறைக்குள்ளேயே கிடந்த என்னை, "நீ கதைக்க வேண்டாம், பாத்து எழுதினாக் காணும்" என்று கூட்டிப் போயிருந்தீர்கள். ஒரு ஷொட்டுக்கும் அடுத்த ஷொட்டுக்கும் என்ன மாறியிருக்கிறது என்று கொப்பியில் குறிப்பது என் வேலை.

படத்தில் தாய் இறந்துபோகும் காட்சிக்கு ஒருவரும் வீடு தரவில்லை. ஒரு வீட்டுக்காரர் சொன்னார்:

"கலியாணவீடெண்டா எடுங்கோ. செத்தவீட்டுக்கு வேற ஆக்களைப் பாருங்கோ."

படியிறங்கும்போது நீங்கள் சொன்னீர்கள்: "எங்கட சினிமா இப்பதான் வளருது. அதில எல்லாரும் கலியாணமே கட்டிக்கொண்டிருக்க ஏலுமே?"

கடைசியில் உங்கள் வீட்டு ஹோலையே தந்தீர்கள். சவப்பெட்டிக்குள் படுக்க நடிகையும் மறுத்துவிட, உங்கள் கூறையைக் கட்டிக்கொண்டு நீங்களே படுத்தீர்கள். இடைவேளையிலும் எழும்பவில்லை. படுத்தபடியே போனில், "ஓம் அண்ணை, இருவது பேருக்குச் சோறு. கத்தரிக்காயை உறைப்பா வையுங்கோ."

"அக்கா, பிணம் கதைக்கக்கூடாது" என்றார் கமராக்காரர்.

"பிணம் கதைக்காட்டி உங்களுக்குச் சாப்பாடு வராது."

படம் முடியும் முன்பே நீங்கள் போய்விட்டீர்கள். போன மாதம் எடிட்டிங் அறையில் உங்கள் கணவர் அந்தக் காட்சியை வெட்டச் சொன்னார். "அவ உண்மையாவே போயிட்டா. இனி இதைச் சனத்துக்குக் காட்ட ஏலாது."

அது இல்லாவிட்டால் படமே இல்லை என்று எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் இயக்குநர் சரியென்று தலையாட்டினார்.

"அங்கிள்" என்றேன். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். "அதில அன்ரி மூச்சு விடுறா."

அன்றைக்கே கண்டேன், அன்ரி. மூன்றாவது ஷொட்டில் உங்கள் மார்பின்மேல் கூறை மெல்ல ஏறி இறங்கியது. கொப்பியில் எழுதினேன், அத்தனை பேர் முன்னால் சொல்லப் பயந்து மூடி வைத்துவிட்டேன்.

அங்கிள் திரைக்குக் கிட்ட வந்து குனிந்தார். திரும்பவும் போடச் சொன்னார். திரும்பவும். பிறகு, "இருக்கட்டும்" என்றார்.

இப்போது கடை இல்லாத நாட்களில் இன்னொரு படத்தில் அதே வேலையைச் செய்கிறேன். பிழை கண்டால், குரல் நடுங்கினாலும், உடனே சொல்லிவிடுகிறேன். அந்த ஒரு பிழையை மறைத்ததற்கு மட்டும் உங்களிடம் மன்னிப்புக் கேட்கமாட்டேன்.