மரணம் நிகழ்ந்த இடம்

லெங்கே துறைமுகம்
பஹ்மன் மாதம் 11

யூனுஸின் மனைவி ஷம்சாவுக்கு அவன் தகப்பன் யாகூப் எழுதுவது. உனக்கும் உன் வயிற்றில் இருக்கும் பிள்ளைக்கும் இறைவன் காவல் இருக்கட்டும்.

படகு முழுகி யூனுஸ் செத்து இன்றோடு ஆறு நாள் ஆகிறது. மையித்து உங்கள் அரபுக் கரையில் ஆஸ்பத்திரிக் குளிர்பெட்டியில் இருக்கிறது. கபர் எங்கள் பாரசீகக் கரையில் தோண்டியாகிவிட்டது. நடுவில் ஒரு காகிதம் நிற்கிறது. அதற்காகத்தான் எழுதுகிறேன்.

போனிலேயே சொல்லியிருக்கலாம். முந்தாநாள் கூப்பிட்டேன், நீயும் எடுத்தாய். நான் ஸலாம் மட்டும் சொல்லிவிட்டு வைத்துவிட்டேன். உனக்கு எங்கள் எழுத்துப் படிக்க வரும் என்று அவன் அம்மாவிடம் யூனுஸ் சொல்லியிருக்கிறான். என்னிடம் சொல்லவில்லை. நானும் அவனும் பேசி நாலு வருஷமாகிறது, அது உனக்குத் தெரிந்ததுதான்.

விஷயத்துக்கு வருகிறேன். நீ அனுப்பிய மரணச் சான்றின் நகலைத் துறைமுக அலுவலகத்துக்கு எடுத்துப் போனேன். அங்கே முத்திரை வைத்தால்தான் படகிலிருந்து மையித்தை இறக்க விடுவார்கள். அந்தக் குமாஸ்தா என் கடையில் உட்கார்ந்து உலர்ந்த எலுமிச்சைத் தேநீர் குடிக்கிறவன்தான். விரலை வைத்து வரிவரியாகப் பார்த்தான். இறந்தவர் பெயர் சரி. தகப்பன் பெயர் சரி. வயது முப்பத்தொன்று, சரி. "மரணம் நிகழ்ந்த இடம்" என்ற கட்டத்தில் விரல் நின்றுவிட்டது. அதில் "அரபு வளைகுடா" என்று இருக்கிறது.

"ஹாஜி, இப்படி ஒரு கடலே எங்க ஏட்டுல இல்லையே" என்றான். உன் ஜன்னலில் தெரிகிற தண்ணீர்தானப்பா என்றேன். "ஜன்னல்ல தெரியறது பாரசீக வளைகுடா. இது வேற ஏதோ கடலு. இந்தப் பேரு போட்ட காகிதத்துல முத்திரை வச்சா நாளைக்கு நானும் உங்க கடையில மூட்டைதான் தூக்கணும்" என்றான். நான் சிரிக்கவில்லை, அவனும் சிரிக்கவில்லை. பெயரைத் திருத்தி வாங்கி வந்தால் அந்த நிமிஷமே வைத்துத் தருகிறேன் என்றான்.

ஆகவே நீ உங்கள் அலுவலகத்துக்கு யாரையாவது அனுப்பி, அந்த ஒரு சொல்லை மாற்றி வாங்க வேண்டும். மாற்ற மாட்டோம் என்றால் எடுத்தாவது விடச் சொல். புருஷன் செத்து இத்தாவில் இருக்கிற பெண்ணை வெளியே அலைய வைக்கக் கூடாது, எனக்கும் தெரியும். உன் தாய்மாமன் போகட்டும்.

நானே வந்திருப்பேன். வர முடியாது. நாலு வருஷத்துக்கு முன் உங்கள் ஊர்ப் பேரீச்சம்பழச் சந்தையில் கடை போட்டேன். பெட்டிக்குப் பெட்டி "பாரசீக வளைகுடாப் பழம்" என்று தங்க எழுத்தில் அச்சடித்திருந்தேன். எழுத்தைத் துணி போட்டு மூடச் சொன்னார்கள், மாட்டேன் என்றேன். அன்று சாயங்காலமே படகேற்றிவிட்டார்கள். பத்து வருஷம் அந்தக் கரையில் கால் வைக்கக் கூடாது என்று பாஸ்போர்ட்டில் முத்திரை. இங்கே இறங்கியதும் என்னைத் தோளில் தூக்கிக்கொண்டு போனார்கள். பத்திரிகையில் படம் வந்தது. அந்த வருஷம் என் பழம் இரண்டு பங்கு விற்றது. உன்னிடம் மறைப்பானேன், விற்கும் என்று தெரிந்துதான் மாட்டேன் என்றேன்.

யூனுஸின் அம்மா கோஹர் அழவில்லை. தினமும் சாயங்காலம் "காகிதம் வந்துச்சா" என்று மட்டும் கேட்கிறாள். மையித்தைச் சுற்றும் கஃபன் துணியை மடித்து வைத்திருக்கிறாள். வாடைக் காற்று நிற்கவே இல்லை. தோண்டிய குழியில் காற்று மணலைக் கொண்டுவந்து போடுகிறது. காலையில் போய் அள்ளி வெளியே போட்டுவிட்டுக் கடை திறக்கிறேன்.

வேளைக்குச் சாப்பிடு. உனக்குத் தோம்ஷி ரொட்டி பிடிக்குமாம், கோஹர் சொன்னாள். அதில் தடவிக்கொள்ளும் மீன் சாறு ஒரு சீசா இந்தப் படகிலேயே வருகிறது. மூடி இறுக்கம், வேறு யாரையாவது திறக்கச் சொல்.

இப்படிக்கு,
யாகூப்
பேரீச்சம்பழ வியாபாரம், லெங்கே

---

லெங்கே
பஹ்மன் மாதம் 14

மருமகள் ஷம்சாவுக்கு, ஸலாம்.

உன் பதில் கிடைத்தது. "பாரசீகம்னு எழுதினா என் வேலை போயிடும், கட்டத்தைக் காலியா விட்டா கம்ப்யூட்டர் அடுத்த பக்கமே போகாது" என்று உங்கள் குமாஸ்தா சொன்னதாக எழுதியிருக்கிறாய். அவன் மேல் எனக்குக் கோபம் இல்லை. இரண்டு கரையிலும் ஒரே மாதிரி ஆட்களைத்தான் நாற்காலியில் உட்கார வைத்திருக்கிறார்கள்.

உன்னிடம் ஒன்று சொல்ல வேண்டும். யூனுஸ் சொல்லியிருப்பான், இருந்தாலும் என் கையால் எழுதிவிடுகிறேன். அந்தப் பெயர் போட்ட எந்தச் சரக்கும் எந்தக் காகிதமும் இந்தத் துறையில் இறங்கக் கூடாது என்ற விதி தானாக வரவில்லை. எங்கள் வியாபாரிகள் சங்கம் மனுக் கொடுத்து வந்தது. மனுவில் முதல் கையெழுத்து என்னுடையது.

இங்கே ஜலால் என்று ஒருவன் இருக்கிறான். நானும் அவனும் இதே துறையில் ஒன்றாக மூட்டை தூக்கினவர்கள். இரண்டு பேரும் ஒரே சமயத்தில் கடை வைத்தோம், அதிலிருந்து பகை. அவன் உங்கள் கரையிலிருந்து பிஸ்கட் இறக்கி என் பக்கத்துக் கடைகளையெல்லாம் பிடித்துக்கொண்டிருந்தான். அவன் பெட்டிகளில் அந்த ஊர் முகவரியும் அந்தக் கடல் பெயரும் இருந்தன. சங்கக் கூட்டத்தில் எழுந்து, "கடல் பேரை விட்டுக் குடுக்கிறவன் நாளைக்கு அப்பன் பேரையும் விட்டுக் குடுப்பான்" என்றேன். ஒரே கைதட்டல். விதி வந்தது, ஜலாலின் சரக்கு திரும்பிப் போனது. அதை ஏற்றி வந்த படகு யூனுஸுடையது. இறக்க விடாத பெட்டிகளைக் கூலியில்லாமல் திருப்பி ஏற்றிக்கொண்டு போனவன், அங்கேயே தங்கிவிட்டான். படகை அந்தக் கரையில் பதிந்தான். உரிமத்தில் அவர்கள் எழுதச் சொன்ன பெயரை எழுதினான். கேள்விப்பட்டதும் போன் போட்டு, சங்கத்தில் சொன்ன அதே வசனத்தை அவனிடமும் சொன்னேன். "அப்பா, தண்ணியில இருக்குற நேரத்துல நாங்க யாருமே அதைப் பேர் சொல்லிக் கூப்பிடறதில்ல. கடல்னுதான் சொல்றோம்" என்றான். அப்படியானால் அப்பன் பெயரையும் விட்டுவிடு என்று சொல்லிப் போனை வைத்தேன். பேசியது அத்துடன் சரி.

அவன் மரணச் சான்றின் நகல் என் மேஜையில் இருக்கிறது. இரண்டாவது வரியில் தகப்பன் என்று என் பெயர். எழுத்துப் பிழைகூட இல்லை.

மனுவைத் திரும்பப் பெற முடியுமா என்று பார்த்தேன். காகிதம் தலைநகருக்குப் போய் வர நாலு மாதம் ஆகும், ஜலாலும் கையெழுத்துப் போட வேண்டும், இப்போது அவன்தான் சங்கச் செயலாளர். போனேன். பகை வந்த பிறகு அவன் கடை வாசலை மிதித்தது அதுதான் முதல் தடவை. கணக்குப்பிள்ளையைப் பார்த்து, "டேய், வாசல்ல பாரசீக மகாராஜா வந்திருக்காரு, தங்க எழுத்துப் பெட்டி ஏதாவது இருந்தா எடுத்துப் போடு, உட்காரட்டும்" என்றான். உட்கார்ந்தேன். மனுவைத் திரும்பப் பெறும் காகிதத்தைக் கொடுத்தேன். இரண்டு தடவை படித்தான். பிறகு, "ஏண்டா யாகூப், நாலு மாசம் புள்ளைய ஐஸ்ல வைக்கவா? கையெழுத்து இப்பவே போடறேன், ஆனா அது ஆகாத காரியம்" என்றான்.

அவனே எழுந்து போய் ஒரு தகரப் பெட்டியிலிருந்து பழைய சரக்குச் சீட்டு ஒன்றை எடுத்து வந்தான். நாங்கள் மூட்டை தூக்கிய காலத்துச் சீட்டு. அப்போது இரண்டு கரை மாலுமிகளும் புறப்படும் இடம், சேரும் இடம் எழுதுவார்கள். வழியில் எது நடந்தாலும், சரக்கு நனைந்தாலும், ஆடு செத்தாலும், "இரு கரைக்கு நடுவே" என்றுதான் எழுதுவார்கள். கடலின் பெயரை எழுதினால் ஏதாவது ஒரு கரையில் சண்டை வரும் என்று அவர்கள் கண்டுபிடித்த வழி. நான் மறந்தே போயிருந்தேன். "கட்டம் காலியாவும் இருக்காது, பேரும் இருக்காது. எந்தக் கம்ப்யூட்டர் வேணாம்னு சொல்லும்?" என்றான் ஜலால்.

ஜலால் நாளைக்கு அவன் படகில் அங்கே வருகிறான். அவனையும் கூட்டிக்கொண்டு உன் தாய்மாமன் அலுவலகத்துக்குப் போகட்டும். ஜலாலுக்கு வாய் நீளம். ஆனால் சொன்ன காரியத்தை முடிக்கிறவன்.

காலையில் குழியில் முழங்கால் அளவு மணல் இருந்தது. அள்ளிவிட்டேன்.

கோஹர் உனக்கு ஸலாம் சொல்கிறாள். தலைப்பிள்ளை, படி ஏறாதே என்கிறாள்.

இப்படிக்கு,
உன் மாமா யாகூப்

---

லெங்கே
பஹ்மன் மாதம் 18

மகளே ஷம்சா,

காகிதம் வந்தது. கட்டத்தில் "இரு கரைக்கு நடுவே" என்று இருக்கிறது. உங்கள் அதிகாரி கையெழுத்து, முத்திரை எல்லாம் சரி. நேற்றுக் காலை அதை எங்கள் குமாஸ்தாவிடம் கொண்டுபோனேன். அவன் விரல் எங்கும் நிற்காமல் கீழே வந்தது. "இதுக்கு முத்திரை வைக்கலாம் ஹாஜி, எந்த விதியிலயும் இடிக்கல" என்றான். இங்க் டப்பாவைக்கூடத் திறந்துவிட்டான்.

அப்போது ஜலால் என் கையைப் பிடித்து வெளியே கூட்டி வந்தான். "அந்தப் பொண்ணு உங்கிட்ட சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்குச்சு, சத்தியத்தை மீறிட்டு அப்புறம் அதுக்குப் பரிகாரமா நோன்பு வச்சுக்கறேன்" என்று சொல்லிவிட்டுச் சொன்னான். யூனுஸ் தன் உயிருக்கும் படகுக்கும் எடுத்திருந்த இன்சூரன்ஸில் "அரபு வளைகுடாவில் தொழில் செய்யும்போது" என்று இருக்கிறதாம். மரணச் சான்றில் அந்தப் பெயர் இல்லையென்றால் ஒரு திர்ஹம்கூடக் கிடையாதாம். கம்பெனிக்காரன் உன் முகத்துக்கு நேரேயே சொல்லியிருக்கிறான். நீ அதைக் கேட்டுக்கொண்டே புதுக் காகிதத்தில் கையெழுத்துப் போட்டிருக்கிறாய். பழையதைக் கிழிக்காமல் தாய்மாமனிடம் கொடுத்து வைத்திருக்கிறாயாம், அந்த மட்டும் நல்லது.

நான் நாற்பது வருஷமாக வியாபாரம் செய்கிறேன். எதிராளி இவ்வளவு நஷ்டத்துக்கு ஒத்துக்கொண்டு, அதைச் சொல்லாமலும் இருந்து நான் பார்த்ததில்லை. படகு முழுகிவிட்டது. அந்தப் பணமும் இல்லையென்றால் நீ கைப்பிள்ளையோடு தாய்மாமன் வீட்டில் ஒண்டிக் கிடக்க வேண்டும். திரும்ப உள்ளே போய்க் குமாஸ்தாவிடமிருந்து காகிதத்தை வாங்கிக்கொண்டேன். "என்ன ஹாஜி, இன்னும் என்ன குறை?" என்று கேட்டான். ஒன்றும் குறையில்லை என்றேன்.

சாயங்காலம் கோஹரிடம் சொன்னேன். எழுந்து போய்க் கஃபன் துணியை எடுத்து வந்து, "இதையாவது அனுப்புங்க, அளவு அவனோடது" என்றாள். அதன் பிறகுதான் அழுதாள்.

இந்தக் கடிதத்தோடு ஜலாலின் கையில் மூன்று பொருள் வருகிறது. கஃபன். "இரு கரைக்கு நடுவே" என்ற அந்தக் காகிதம், அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டுப் பழைய சான்றையே நிலைநிறுத்தச் சொல். மூன்றாவது, ஒரு பேரீச்சம்பழப் பெட்டி. அதில் பழம் இல்லை. இங்கே அவனுக்குத் தோண்டிய குழியின் மணல், இன்று காலை அள்ளியது. எனக்குப் பதிலாக ஜலால் நின்று அதிலிருந்து அவன் கபரில் மூன்று பிடி போடுவான். பெட்டியில் அச்சடித்திருந்த தங்க எழுத்தின் மேல் கறுப்பு மையைப் பூசிவிட்டேன். உங்கள் துறையில் நிறுத்திவிடக் கூடாது. ஒரு தடவை பூசியதில் எழுத்து தெரிந்தது, இரண்டாம் தடவையும் பூசினேன்.

இங்கே உள்ள குழியை நான் மூடவில்லை. வாடை அடிக்கிறது, அதுவே மூடிக்கொள்ளும்.

நேற்று இரண்டு தரப்பும் பேசி ஒத்துக்கொண்டதை ஜலால் போனில் உனக்குப் படித்துக் காட்டினான், நீயும் சரி என்றாயாம். இருந்தாலும் எழுத்தில் இருக்கட்டும். சான்றில் அரபு வளைகுடா என்ற பெயரே இருக்கும், நான் அதை எங்கும் எதிர்க்க மாட்டேன். யூனுஸை நாளைக்கே உங்கள் கரையில் அடக்க வேண்டும். இன்சூரன்ஸ் பணத்தில் வாரிசு முறைப்படி தகப்பன் என்று எனக்கு வரும் ஆறில் ஒரு பங்கும், தாய் என்று கோஹருக்கு வரும் ஆறில் ஒரு பங்கும் பிள்ளைக்கு. இதற்கு ஈடாக, பிரசவம் ஆகி நாற்பது நாள் கழிந்ததும் நீ பிள்ளையோடு ஜலாலின் படகில் இங்கே வந்து ஒரு மாதம் கோஹரிடம் இருக்க வேண்டும். பிள்ளைக்குப் பெயர் நீ வைப்பது. அது என்ன பெயரானாலும் நான் வாய் திறப்பதில்லை.

இப்படிக்கு,
யூனுஸின் அப்பா