மழை என்று நினைத்து வெட்டிய குரல்

அண்ணே,

இன்று காலை உங்கள் மகள் கைப்பேசியில் ஒரு குரல் செய்தி அனுப்பியிருந்தாள். பேச ஆரம்பிப்பதற்கு முன்னால் ஒரு மூச்சு இழுத்தாள். மைக் முன்னால் உட்கார்ந்ததும் நீங்கள் இழுப்பீர்களே, அதே மூச்சு. உங்கள் குரல் எப்படி இருக்கும் என்றே தெரியாத பிள்ளைக்கு அது எங்கிருந்து வந்ததோ. கையில் இருந்த காபியைக் கீழே வைத்துவிட்டேன்.

"சித்தப்பா, அம்மாவோட பீரோவ ஒதுக்கிக்கிட்டிருக்கேன். அப்பா எழுதுன சிலேட்டு மட்டுந்தான் இருக்கு. அவரு பேசுனது ஒங்ககிட்ட எங்கயாச்சும் கெடக்கா? டேப்பு பூசணம் புடிச்சுப் போச்சுன்னு அம்மா சொல்லும். அதுல கொஞ்சூண்டு தேறுனாக்கூடப் போதும். இப்பல்லாம் சரிபண்ணித் தர்றாங்களாம்."

இதற்கு என்ன பதில் சொல்வதென்று உங்களைத்தான் கேட்க வேண்டும். பூசணம் என்று எழுதியவர் நீங்கள். நான் இல்லை.

நாம் பழகியதே ஒரு ரேடியோவால்தான். எழுபதுகளில் பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் நான் ரேடியோ பழுது பார்த்துக்கொண்டிருந்தேன். நீங்கள் கொண்டுவந்த பெட்டியை நாலு மாதம் வைத்திருந்தேன். உள்ளே இருந்த ஒரு சுருள் எனக்குப் புரியவில்லை. புரியாமல் திருப்பித் தர மனம் வரவில்லை. "ஏலே சவரி, நான் ரிப்பேருக்குக் குடுத்தேனா, தத்துக் குடுத்தேனா?" என்று கேட்டீர்கள். கோபமே இல்லை உங்களுக்கு. அப்போதே அது எனக்குப் பிடிக்கவில்லை.

மலைமேல் நாயுடுபுரத்தில் மிஷன்காரர்களின் ஒலிப்பதிவு அறைக்கு என்னைக் கூட்டிப்போனதும் நீங்கள்தான். கீழ்நாட்டில் பார்வையில்லாத பிள்ளைகளுக்குப் பாடங்களை வாசித்து அனுப்புகிற வேலை. நீங்கள் வாசிப்பீர்கள், நான் பதிவு செய்வேன். தகரக் கூரை போட்ட அறை. மழை வந்தால் உங்கள் வேலை நின்றுவிடும். பனி வந்தால் என் வேலை தொடங்கும். அலமாரியில் இருக்கும் டேப்புகளில் வெள்ளை வெள்ளையாகப் பூசணம் பூக்கும். பஞ்சை வைத்துத் துடைத்துத் துடைத்து விரல் மரத்துப்போகும். மெட்ராஸிலிருந்து புது டேப் வருவதும் அரிது. அதனால் ஒரு பாடம் கேசட்டுகளில் ஏறியதும், அந்த வாரச் சனிக்கிழமை மூல டேப்பை அழித்து அடுத்த பாடத்துக்கு எடுத்துக்கொள்வது அங்கே வழக்கம்.

பிறகு எண்பதுகளில் வெளிநாட்டிலிருந்து யாரோ கொடுத்து ஒரு கம்ப்யூட்டர் வந்தது. மேசைமேல் வைக்கிற பெட்டி. குரலை எண்களாக மாற்றி ஃப்ளாப்பியில் வைத்தால் பூசணத் தொல்லை தீரும் என்று நினைத்தார்கள். ஆனால் ஒரு ஃப்ளாப்பியில் முக்கால் நிமிடப் பேச்சுத்தான் அடங்கியது. எல்லாரும் கையை விரித்துவிட்டார்கள். நான் விரிக்கவில்லை.

எட்டாம் வகுப்போடு நின்றவன் நான். பெட்டியோடு வந்த ஆங்கிலப் புத்தகத்தையும் ஒரு கிழிந்த அகராதியையும் வைத்துக்கொண்டு ஒன்றரை வருஷம் உட்கார்ந்தேன். பேச்சின் நடுவே சத்தமில்லாத இடங்களைக் கண்டுபிடித்து வெட்டி எறிய ஒரு நிரல். ஒவ்வொரு எண்ணையும் முழுதாக எழுதாமல், முந்தைய எண்ணிலிருந்து ஏறியதா இறங்கியதா என்று மட்டும் குறித்துக்கொள்ள ஒரு நிரல். அதையெல்லாம் திரும்பக் குரலாகக் கட்டி எழுப்ப இன்னொன்று. நாளை வேறு யார் எந்த நிரல் எழுதினாலும் எடுத்துப் பயன்படுத்துகிற மாதிரி எல்லாவற்றையும் ஒன்றாகத் தொகுத்தேன். அதற்கு லைப்ரரி என்று பெயர் என்றேன்.

"புஸ்தகமே இல்லாம லைப்ரரியா? யாருலே உள்ள வருவா?" என்று சிரித்தீர்கள்.

ஆனால் முக்கால் நிமிடம் அடங்கிய இடத்தில் நாலு நிமிடம் அடங்கியது. அன்றைக்குக் கையை விரித்தவர்கள் எல்லாரும் வந்து பார்த்தார்கள்.

ஒன்று மட்டும் நடந்தது. சத்தம் எந்த அளவுக்குக் கீழே இருந்தால் அது பேச்சில்லை, வெறும் இரைச்சல் என்று நிரலுக்கு ஒரு எண் சொல்ல வேண்டும். அந்த எண்ணை நான் ஐப்பசி மழையில், தகரம் அதிர அதிர, என் குரலை வைத்தே பார்த்து முடிவுசெய்தேன். மழையை மீறிக் கேட்க வேண்டுமென்று கத்திக் கத்தித்தான் பேசினேன். மழை நின்றபிறகு நீங்கள் ஒரு பத்தி வாசித்துப் பார்த்தீர்கள். பாதி சொற்களுக்கு வாலில்லை.

"ஏலே, ஒன் மிஷினு கத்துறவனத்தான் மனுசன்னு நெனைக்குது. மெதுவாப் பேசுறவன் பூராம் அதுக்கு மழை."

"அப்ப நீங்க சத்தமா வாசிங்கண்ணே."

"பாடம் சொல்றேன்டா, ஏலமா போடுறேன்?"

எண்ணைக் கொஞ்சம் குறைத்திருக்கலாம். குறைத்தால் நாலு நிமிடம் மூன்று நிமிடமாகியிருக்கும். நான் குறைக்கவில்லை.

அந்த வருஷம்தான் மதுரையில் உங்கள் தொண்டையைப் பார்த்துவிட்டுக் கத்தி வைத்தாக வேண்டும் என்றார்கள். உயிர் தங்கும், குரல் தங்காது என்று வெளிப்படையாகவே சொல்லிவிட்டார்கள். பாப்பாவுக்கு அப்போது எட்டு மாதம். ஆஸ்பத்திரிக்குப் போவதற்கு இரண்டு நாள் முன்னால் அறைக்கு வந்து, "ஒரு டேப்பு போடு. அவளுக்குக் கொஞ்சம் பேசி வெச்சுட்டுப் போறேன்" என்றீர்கள். மூன்றரை நிமிடம் பேசினீர்கள். காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு கேட்டவன் நான் ஒருவன்தான். அன்றே அதைச் சுருக்கி ஃப்ளாப்பியிலும் ஏற்றினேன்.

அதே வாரம் மெட்ராஸிலிருந்து ஒரு என்ஜினியர் வந்தார். என் லைப்ரரியை ஓட்டிப் பார்த்துவிட்டு, என்னைக் கேட்காமல் மேலாளரைக் கேட்டார்: "யார் எழுதினது? இவரா? என்ன படிச்சிருக்கார்?" பதில் கேட்டதும் அவர் உதடு லேசாக விரிந்தது. "முயற்சி பரவாயில்ல. ஆனா ஒரிஜினல் டேப் எதையும் அழிச்சுடாதீங்க. இதை நம்ப முடியாது."

மறுநாள் சனிக்கிழமை. ஏற்றி முடித்த டேப்புகளை எல்லாம் வரிசையாக எடுத்து அழித்தேன். உங்கள் டேப்பையும் எடுத்தேன். மறதி இல்லை, அண்ணே. தவறிப்போகவும் இல்லை. அதன்மேல் உங்கள் கையெழுத்தில் 'பாப்பாவுக்கு' என்று இருந்தது. என் வேலையை நானே நம்பவில்லை என்றால் வேறு யார் நம்புவார்கள் என்று நினைத்தேன். நீங்கள் அப்போது மதுரையில் மயக்க மருந்தில் இருந்தீர்கள்.

ஒரு மாதம் கழித்துக் கழுத்தில் துணி சுற்றிக்கொண்டு, கையில் சிலேட்டோடு வந்தீர்கள். மதினியும் பாப்பாவைத் தூக்கிக்கொண்டு வந்திருந்தார்கள். ஃப்ளாப்பியைப் போட்டேன். பெட்டி பேசியது. மூச்சில்லை. இடைவெளி இல்லை. ஒரு சொல்லின் முதுகில் அடுத்த சொல் இடித்துக்கொண்டு நின்றது. தகர டப்பாவுக்குள் மாட்டிய வண்டு போல இருந்தது. மதினி கடைசிவரை கேட்டார்கள்.

"யாரு தம்பி இது?"

"அண்ணந்தான் மதினி. சொன்னது அம்புட்டும் வந்திருக்கு, பாருங்க."

"சொன்னது வந்திருக்கு. அவரு வரலையே. அந்தப் பெரிய டேப்பப் போடுங்க, அதுல கேட்டுக்கிறேன்."

நீங்கள் அலமாரியைப் பார்த்தீர்கள். உங்கள் டேப்பின் பெட்டியில் 'பாப்பாவுக்கு' என்பதை அடித்துவிட்டு, பக்கத்தில் அறிவியல் பாடம் என்று என் கையெழுத்து இருந்தது. அதைப் படித்துவிட்டு என்னைப் பார்த்தீர்கள். பிறகு சிலேட்டை எடுத்து மதினிக்காக எழுதினீர்கள்: 'டேப் பூசணம் பிடித்துவிட்டது. சவரி மேல் தப்பு இல்லை.'

மதினி அழுதார்கள். நான் தலையை நிமிர்த்திக்கொண்டு நின்றேன்.

உங்களை யார் கேட்டது? மன்னிப்பு நான் கேட்கவில்லையே. என்னைத் திட்டச் சிலேட்டில் இடமில்லையா? அன்றைக்கு இரண்டு வார்த்தை திட்டியிருந்தால் நானும் திருப்பிப் பேசியிருப்பேன். சண்டை போட்டிருப்போம். ஒரு மாதம் முகம் பாராமல் இருந்துவிட்டுப் பிறகு சேர்ந்திருப்போம். நீங்கள் ஒரு பொய்யை எழுதி என் வாயையும் அடைத்துவிட்டுப் போனீர்கள். அதற்கப்புறம் பல வருஷம், நீங்கள் போகும்வரை, வேறொருவர் வாசிக்க நீங்கள் பாடம் எழுதிக் கொடுத்து, நான் பதிவு செய்து, ஒரே அறையில் உட்கார்ந்து வேலை பார்த்தோம். பேச முடியாதவர் நீங்கள். பேசாதவன் நான்.

நிரலில் அந்த எண்ணை நான் மாற்றவே இல்லை. மாற்றினால் ஒப்புக்கொண்டதாகிவிடும். கம்ப்யூட்டரையே பிறகு ஓரங்கட்டினார்கள்; என் லைப்ரரியை வேறு யாரும் எடுத்துப் பயன்படுத்தவில்லை. ஃப்ளாப்பியை மட்டும் வீட்டுக்குக் கொண்டுவந்து வைத்திருந்தேன். பல வருஷம் கழித்துத் திறந்து பார்த்தபோது நீங்கள் பொய்யாக எழுதிய பூசணம் அதில் மெய்யாகவே பூத்திருந்தது.

நீங்கள் வாசித்த பாடக் கேசட்டுகளும் கீழ்நாட்டில் ஓடி ஓடித் தேய்ந்து போய்விட்டன. இப்போது என்னிடம் இருப்பது அந்த மூன்றரை நிமிடத்தின் சொற்கள் மட்டும்தான். ஒன்றுகூட மறக்கவில்லை. இப்படித்தான் தொடங்கினீர்கள்:

"பாப்பா, அப்பா பேசுறேன். ஒனக்குப் பேரு வெச்சது நாந்தான். ஒங்கம்மா தான் வெச்சதா சொல்லுவா, நம்பாத. படிக்கப் பிடிச்சாப் படி. பிடிக்கலன்னா பிடிக்கலன்னு சொல்லு, ஆனா சத்தமாச் சொல்லாத. சத்தமாச் சொன்னா வேற மாதிரி ஆயிரும். சவரிச் சித்தப்பாகிட்ட ரேடியோ மட்டும் குடுத்துறாத. மத்தபடி எதையும் நம்பிக் குடுக்கலாம்."

மத்தபடி எதையும் நம்பிக் குடுக்கலாம். இதைத்தான் அண்ணே அழித்தேன்.

மத்தியானம், இதை அப்படியே அவளுக்குப் பேசி அனுப்பிவிடலாம் என்று கைப்பேசியை வாயருகே வைத்து உங்கள் மாதிரி மெதுவாகப் பேசிப் பார்த்தேன். போட்டுக் கேட்டேன். யாரோ ஒரு கிழவன் அதட்டுகிறான். அழித்துவிட்டேன். அப்புறம் ஒற்றை விரலால் தட்டினேன். இரண்டு மணி நேரம் ஆனது. நீங்கள் சொன்னதை எல்லாம் வரிசையாக எழுதினேன். மேலே முதல் வரியாக இதை எழுதினேன்: 'பூசணம் இல்லை பாப்பா. உங்கப்பா எனக்காகச் சொன்ன பொய் அது. தெரிந்தேதான் அழித்தேன்.'

அனுப்பி அரை மணி ஆகிறது. படித்துவிட்டாள் என்று காட்டுகிறது. பதில் வரவில்லை. வராமலே போகலாம், அது அவள் இஷ்டம்.

நீங்கள் சிலேட்டில் எழுதிக்கொடுத்த பொய்யை உங்களிடமே திருப்பிவிட்டேன், அண்ணே. இதற்காவது என்மேல் கோபப்படுங்கள்.

சவரி