எனக்கு நீ அனுப்பாத பணம்

அன்புள்ள மகனுக்கு,

அம்மா எழுதுகிறேன். இங்கே நான் நடமாடிக்கொண்டிருக்கிறேன். நீ சௌக்கியமாக இருப்பது நீ போடும் போட்டோக்களிலேயே தெரிகிறது, அதனால் தனியாகக் கேட்கவில்லை. போன் செய்தால் மீட்டிங்கில் இருக்கிறேன் என்று வைத்துவிடுகிறாய், அதனால்தான் கடிதம். உன் மனைவிக்கு மாதாமாதம் நீ ஜீவனாம்சம் கொடுக்க வேண்டும் என்று குடும்பநல நீதிமன்றத்தில் உத்தரவாகிவிட்டது. வக்கீல் உன்னிடம் சொல்லியிருப்பார், கேஸைக் கெடுத்தது உன் அம்மாதான் என்றும் சேர்த்துச் சொல்லியிருப்பார். நான் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

அவளை இங்கேயே விட்டுவிட்டுப் போய், அங்கிருந்தபடியே விவாகரத்துக்கு மனுப் போட்டவன் நீ. உனக்கு லீவு கிடைக்காது, அதனால் பவர் எழுதிக்கொடுத்து என்னைக் கூண்டில் ஏற்றினாய். நான் தைக்கப் போகும் தையல் கடைக்காரர்தான் பாவம், கடையைப் பூட்டிவிட்டு ஸ்கூட்டரில் என்னைக் கூட்டிப்போனார். உள்ளே போகும்முன் நம் வக்கீல் ஒன்றே ஒன்றுதான் சொல்லிக்கொடுத்தார், அந்தப் பெண்ணை உங்கள் வீட்டில் ராணி மாதிரி வைத்திருந்தோம் என்று சொல்லுங்கள், கொடுமை கிடுமை என்பதெல்லாம் எடுபடாது என்றார். நம் வீட்டுப் பெருமையைப் பேசு என்றால் எனக்குச் சொல்லியா தரவேண்டும். நீ இங்கே இருந்த காலத்தில் அவள் பேருக்குக் கார் வாங்கியது, சமையலுக்கு ஆள் வைத்தது, வருஷம் தவறாமல் விமானத்தில் கூட்டிப்போனது, அவள் அறைக்குத் தனி ஏசி, எல்லாவற்றையும் அள்ளிவிட்டேன். நீதிபதி அம்மா நிதானமாகக் குறித்துக்கொண்டார். நம் வக்கீல் மட்டும் தலையில் கை வைத்துக்கொண்டார். புருஷன் வீட்டில் எந்த வசதியில் இருந்தாளோ அதைப் பார்த்துத்தான் தொகை போடுவார்களாம். அதை முன்னாடியே சொல்லித்தொலைத்திருக்கலாம் அல்லவா என்று வராந்தாவில் கேட்டேன், ராணி என்றதோடு நிறுத்துவீர்கள் என்று நினைத்தேன் அம்மா என்கிறார்.

அதோடு போயிருந்தால் என் வாய்க்கொழுப்பு என்று விட்டிருப்பேன். அடுத்து அவளுடைய வக்கீல் எழுந்தார், சின்னப் பெண், குரலே உயர்த்தவில்லை. உங்கள் மகன் வருமானத்துக்குப் போட்ட பிரமாணப் பத்திரத்தில், தாயாருக்கு மாதாமாதம் பெரிய தொகை அனுப்புகிறேன், அது போக மிச்சம்தான் என் கையில் நிற்கிறது என்று எழுதியிருக்கிறாரே, வருகிறதா அம்மா என்று கேட்டார். அப்போதுதான் உறைத்தது. எனக்குச் சோறு போடுவதாகச் சொல்லி அவள் சோற்றில் கை வைத்திருக்கிறாய். கைத்தறி வேட்டியானாலும் கால்சட்டையானாலும் மடிப்பு அடித்துப் பிழைக்கிறவளை உன் கணக்கில் ஒரு செலவாகக் காட்டியிருக்கிறாய். வருகிறது என்று சொல்ல என் வாய் தயாராகத்தான் இருந்தது, மூன்று வருஷமாகக் கடையிலும் தெருவிலும் அதைத்தானே சொல்லிக்கொண்டிருக்கிறேன், பிள்ளை தவறாமல் அனுப்புகிறான், பொழுதுபோகாமல்தான் தைக்க வருகிறேன் என்று. கடைக்காரர் பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். வரவில்லை என்று சொன்னேன். ஒருமுறைகூடவா என்று அந்த வக்கீல் பெண் கேட்டார். ஒருமுறைகூட இல்லை என்றேன். கோபம் வந்தது தம்பி, உன்மேல்தான்.

அவள் ஒன்றும் தங்கக்கட்டி இல்லை. வெடுக்கென்று பேசுகிற வாய், எனக்கும் அவளுக்கும் ஒருநாளும் ஒத்துப்போனதில்லை, அன்றைக்கும் என்னைப் பார்த்து ஒரு வார்த்தை பேசாமல்தான் போனாள். அதற்காக, வங்கியில் நல்ல வேலையில் இருந்தவளை வேண்டாம் விடு என்று நீயே விடவைத்துவிட்டு, படித்தவள்தானே சம்பாதித்துக்கொள்ளட்டும் என்று எழுதிக்கொடுத்தால் யார் ஒப்புவார்கள். சம்பாதிக்கத் தெரிவது வேறு, சம்பாத்தியம் இருப்பது வேறு என்று நீதிபதி அம்மா சொல்லிவிட்டார். சம்பளத்தில் வரியைக் கழிக்கலாமாம், நீயாக ஆசைப்பட்டு வாங்கிய இரண்டாவது வீட்டுக் கடனையும் கார் கடனையும் கழிக்க முடியாதாம். எனக்கு அனுப்புவதாகச் சொன்னதையும் அடித்துவிட்டார்கள். வெளியே வந்ததும் கடைக்காரர் டீ வாங்கிக்கொடுத்தார். அடுத்த நாளிலிருந்து எனக்குச் சுலபமான துணியாகப் பார்த்துத் தள்ளிவைக்கிறார். அந்த இரக்கம்தான் எனக்குத் தாங்கவில்லை. கண் வேறு மங்கிவிட்டது, ஊசியில் நூல் கோக்க அவர் பெண்ணைக் கூப்பிட வேண்டியிருக்கிறது, டாக்டர் ஆபரேஷன் என்கிறார்.

இன்னொன்றும் அங்கே தெரிந்துகொண்டேன். மனைவிக்குக் கொடுக்கச் சொல்கிற அதே இந்துச் சட்டத்தில், தன்னைக் காப்பாற்றிக்கொள்ள முடியாத வயதான தாய்க்கும் பிள்ளை கொடுத்தாக வேண்டுமாம். நம் வக்கீல் உன் பக்கத்து ஆள், அவரிடம் கேட்பது முறையில்லை. அதனால் அவளுக்கு வாதாடிய அந்தச் சின்னப் பெண்ணிடமே வக்காலத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டேன். உன் மனைவி அப்போது அங்கேதான் உட்கார்ந்திருந்தாள், நாற்காலியை நகர்த்தி எனக்கு இடம் விட்டாள். நீ கொடுத்த பவரையும் ரத்துப் பண்ணச் சொல்லிவிட்டேன், இனி உன் கேஸுக்கு நீயே லீவு போட்டு வா.

ராத்திரி கண்டதைத் தின்றுவிட்டு உடனே படுக்காதே, உன் அப்பாவின் வயிறுதான் உனக்கும். சம்மன் வந்தால் வாங்கிக்கொள், ஆளில்லை என்று திருப்பி அனுப்பினால் நீ வராமலேயே தீர்ப்புச் சொல்லிவிடுவார்கள். உனக்கு ஒரு குறையும் வராமல், பதவியும் சம்பளமும் மேலே மேலே ஏற அம்மாவின் ஆசீர்வாதம். சம்பளம் ஏறினால் தொகையையும் ஏற்றிக் கேட்கலாம் என்று என் வக்கீல் சொன்னார்.

இப்படிக்கு,
உன் அம்மா