கடைசிப் பக்கம் முதலில்

உங்கள் வழக்கின் தீர்ப்பு நேற்று மறுபடியும் என் மேசைக்கு வந்தது. உங்கள் மகள் அதை ஒரு பழைய துண்டில் சுற்றிக் கொண்டுவந்திருந்தாள். பதினான்கு தாள்கள், ஒவ்வொன்றும் லேமினேஷன் செய்தது. மேலே தகரப் பட்டை, அதன் நடுவில் சுவரில் மாட்டுவதற்குக் கொக்கி. சிவகாசியில் மாதக் காலண்டர் அடிக்கும் அச்சகம் ஒன்றில் நீங்கள் செய்து வாங்கியது. துண்டை விலக்கியதும் மிளகாய் வத்தல் நெடி எழுந்தது. நான் தும்மினேன், அவளும் தும்மினாள். அதற்குப் பிறகுதான் பேச்சு தொடங்கியது.

இந்த மடலில் உங்கள் பெயரை எழுதப் போவதில்லை. காரணம் உங்களுக்குத் தெரியும். ஆனாலும் நடந்ததை வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். வரிசையாகச் சொல்வதைத் தவிர வேறெதுவும் இப்போது எனக்கு வரவில்லை.

ஆனைக்குட்டம் பக்கம் ஒரு பட்டாசு ஆலையில் நீங்கள் போர்மேனாக இருந்தீர்கள். சீசன் நெருக்கத்தில், நான்கு பேர் இருக்க வேண்டிய அறையில் ஏழு பேரை உட்கார வைத்தார்கள். கூடாது என்று நீங்கள் சொன்னதற்குச் சாட்சி இருந்தது. அறை தீப்பிடித்தபோது நீங்கள் அடுத்த அறையில் இருந்தீர்கள். ஒருவர் பிழைக்கவில்லை. உரிமம் யார் பேரில் இருந்ததோ அவரைத் தேடிக்கொண்டிருந்த காவல்துறைக்குக் கைக்கு எட்டியவர் நீங்கள். இடது முழங்கைக்குக் கீழே வெந்த தோல் ஆறும் முன்பே கைது செய்யப்பட்டீர்கள். உங்கள் மைத்துனர் வக்கீல் என்று என்னைத் தேடி வந்தார். அப்படித்தான் நமக்குள் அறிமுகம்.

ஒவ்வொரு வாய்தாவுக்கும் நீதிமன்ற அறைக்குள் நுழையும் முன் வாசலின் இரும்புக் கம்பிக் கதவை உள்ளங்கையால் தொடுவீர்கள். சாமி கும்பிடுகிறீர்கள் என்று முதலில் நினைத்தேன். மருந்து கலக்கும் அறைக்குள் போகும் எவரும் வாசலில் பதித்திருக்கும் செப்புத் தகட்டைத் தொட்டுவிட்டுத்தான் போக வேண்டும், உடம்பில் இருக்கும் மின்சாரம் அதில் இறங்கிவிடும் என்று பிறகு நீங்கள் விளக்கினீர்கள். இருபத்திரண்டு ஆண்டுப் பழக்கம். டவாலி உங்கள் பெயரை மூன்று முறை அழைப்பார். முதல் அழைப்பிலேயே "ஐயா" என்று எழுந்துவிடுவீர்கள். ஆனாலும் அவர் மூன்றையும் அழைத்து முடிப்பார்.

விடுதலை கிடைத்தது. தீர்ப்பின் பதினேழாம் பத்தியை உங்களுக்கு நான் மூன்று முறை வாசித்துக் காட்டினேன். தீப்பற்றிய அறைக்குள் மேற்படி எதிரி மீண்டும் நுழைந்து இரண்டு பெண் தொழிலாளர்களை வெளியே இழுத்து வந்ததைச் சாட்சிகள் ஐயமற உரைத்துள்ளனர் என்று நீதிபதி எழுதியிருந்தார். எதிரியாக, அதாவது குற்றம் சாட்டப்பட்டவராக, நிறுத்தப்பட்ட ஒருவரைப் பற்றி அப்படி ஒரு வாக்கியம் எழுதப்பட்டதை என் தொழிலில் வேறெங்கும் நான் பார்த்ததில்லை.

அடுத்த வாரம் நீங்கள் இந்தக் காலண்டரோடு வந்தீர்கள். நான் கடிந்துகொண்டேன். சான்றிட்ட நகலைப் பிளாஸ்டிக்கில் அடைத்தால் எந்த அலுவலகமும் ஏற்காது, முத்திரையைத் தொட்டுச் சரிபார்க்க முடியாது என்றேன். போதாததற்குப் பக்கங்களும் முறை மாறியிருந்தன. விடுதலை என்று முடியும் கடைசிப் பக்கம் எல்லாவற்றுக்கும் முன்னால், அதற்கடுத்துப் பதினேழாம் பத்தி உள்ள பக்கம், குற்றச்சாட்டு உள்ள முதல் பக்கம் அடியில். ஏன் இப்படி என்று கேட்டேன்.

"எந்த மாசம் நடக்குதோ அந்தத் தாளத்தான சார் முன்னால வைப்பாக? எனக்கு இப்ப விடுதலை மாசம் நடக்குது."

நான் சிரித்தேன். அப்போது எனக்குப் புரியவில்லை.

புரிய வைத்தவர் ஒரு ஆலை மேலாளர். அவர் சொன்னதை நீங்கள்தான் என்னிடம் வந்து சொன்னீர்கள். வேலை கேட்டு அவர் முன் நின்றபோது, அவர் உங்கள் பெயரைக் கைபேசியில் தட்டினாராம். முதலில் வந்தது இரண்டு காவலர்களுக்கு நடுவில் நீங்கள் நிற்கும் படம். அடுத்து வந்தது உங்கள் தீர்ப்பேதான். ஆனால் எந்தத் தீர்ப்பும் குற்றச்சாட்டில் தொடங்கி முடிவில் முடிகிறது. திரையில் தெரிவதோ முதல் நான்கு வரிகள். அந்த நான்கு வரிகளில் நீங்கள் ஒரு உயிர் போகக் காரணமானவர். நீங்கள் காலண்டரை எடுத்துக் காட்டினீர்கள். அவர் தாளைப் புரட்டிப் பார்த்துவிட்டுத் திருப்பித் தந்திருக்கிறார்.

"சிவகாசியில எத வேணும்னாலும் அடிச்சுக்கிடலாம் அண்ணாச்சி. இது நெட்ல இருக்கது."

மூன்று ஆலைகளில் அதே பதில். விருதுநகரில் வத்தல் மூட்டைகள் அடுக்கி வைக்கும் ஒரு கிட்டங்கிக்குக் காவல் வேலைக்குப் போனீர்கள். காவலறைச் சுவரில் காலண்டர் தொங்கியது. அந்த நெடி அதில் ஏறியது அங்கேதான்.

நான் படித்த சட்டத்தில் விடுதலை என்பது ஒரு முடிவு. அதற்குப் பின் அந்த மனிதர் குற்றம் சாட்டப்படாதவரைப் போலவே வாழலாம் என்பது கோட்பாடு. அந்தக் கோட்பாடு தன் காலில் நிற்கவில்லை என்பதை உங்களால்தான் கண்டேன். அதைத் தாங்கி நின்றது வேறு ஒன்று. தீர்ப்பு ஆவண அறைக்குப் போகும், கட்டுக்குள் கட்டாகும், பூச்சி அரிக்கும். நான்கு ஊர் தள்ளி யாருக்கும் தெரியாது. தூரமும் தூசியும் செய்துவந்த வேலையைச் சட்டம் தன் வேலை என்று எண்ணிக்கொண்டிருந்தது. தூரம் இல்லாமல் போனபோது சட்டத்தின் கையில் ஒன்றும் இருக்கவில்லை.

நீதிமன்றம் திறந்திருக்க வேண்டும் என்பதும் கோட்பாடுதான். மூடிய அறையில் நீதி நடக்கலாகாது என்பதற்காக வந்தது. அறுபது பேர் உட்காரும் அறையை மனத்தில் வைத்து எழுதப்பட்டது. அந்த அறுபது பேர் காலையில் குற்றச்சாட்டைக் கேட்டால் மாலையில் முடிவையும் கேட்பார்கள். வலையில் இருக்கும் தீர்ப்பிலிருந்து உங்கள் பெயரை நீக்கக் கேட்டு மேல் நீதிமன்றத்தில் மனுப் போட்டோம். அங்கே நான் வைத்த வாதம் இவ்வளவுதான்: நீதிமன்றத்தின் கதவு திறந்திருக்கலாம், ஆனால் அந்த அறை ஒரு மனிதரின் பின்னாலேயே அவர் வேலை கேட்கும் இடமெல்லாம் நடந்து வரக் கூடாது. நீதிபதி ஒரு நியாயமான கேள்வி கேட்டார். விடுதலையான எல்லோருடைய தீர்ப்பையும் அழித்துவிட்டால் நீதிமன்றம் எப்படி வேலை செய்கிறது என்று மக்கள் எதை வைத்து அறிவார்கள்? தீர்ப்பு அப்படியே இருக்கட்டும், காரணங்கள் அத்தனையும் இருக்கட்டும், பெயரை மட்டும் மறைத்தால் போதும் என்றேன். நல்ல பதில் என்று அன்று நினைத்தேன்.

அதற்கு முன்பு, மனுவில் கையெழுத்துப் போட நீங்கள் என் அலுவலகத்துக்கு வந்த அந்தப் பிற்பகலைச் சொல்ல வேண்டும். மனுவை முழுதாக வாசித்துக் காட்டினேன். எங்கெல்லாம் வருகிறதோ அங்கெல்லாம் பெயரை நீக்க வேண்டும் என்ற இடத்தில் கையைக் காட்டி நிறுத்தினீர்கள்.

"அந்தப் பதினேழுல மட்டும் பேர விட்டுரலாமா சார்? அங்கன மட்டும் இருந்துட்டுப் போகட்டும்."

முடியாது என்றேன். தேடும் இயந்திரம் பத்தியைப் பார்ப்பதில்லை, ஒரே ஒரு இடத்தில் பெயர் இருந்தாலும் அதைப் பிடித்துக்கொண்டு முழுத் தீர்ப்பும் மேலே வரும், முதல் நான்கு வரிகள் மறுபடி முன்னால் நிற்கும் என்று விளக்கினேன். நான் சொன்னது சரி. இன்றைக்கும் சரிதான். நீங்கள் உங்கள் இடது கையின் தீத்தழும்பைப் பார்த்தீர்கள். பிறகு பேனா கேட்டீர்கள்.

உத்தரவு வந்தது. காவலர்களுக்கு நடுவில் நீங்கள் நிற்கும் படத்தையும் வலையிலிருந்து நீக்க வைத்தோம். இரண்டு மாதத்தில் ஒரு ஆலை உங்களைப் போர்மேனாகச் சேர்த்துக்கொண்டது. முதல் நாள் காலை வாசலிலிருந்து அழைத்தீர்கள். கைபேசியை அங்கேயே மரப்பெட்டியில் போட்டுவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும்.

"பெட்டியில போடப் போறேன் சார். தகட்டத் தொட்டுட்டு உள்ள போறேன்."

எட்டு மாதம் போனீர்கள். பிறகு மாரடைப்பு. தொழிலாளர்கள் கண்ணீர் அஞ்சலி போஸ்டர் அடித்து ஒட்டியிருந்தார்கள். உங்கள் பெயர் ஒரு அடி உயர எழுத்தில். முதலெழுத்துக்குப் பின்னால் புள்ளி விடுபட்டிருந்ததைக் கவனித்தேன். அன்று நான் கவனித்தது அது ஒன்றுதான். அழுகை வரவில்லை. இதுவரையும் வரவில்லை. அடுத்த மழையில் போஸ்டர்கள் ஊறி விழுந்தன.

ஆக, நேற்று. முதல் நினைவு நாள் வருகிறது. எதையாவது எடுத்துப் பதிவு போடலாம் என்று உங்கள் மகள் உங்கள் பெயரை வலையில் தேடியிருக்கிறாள். ஒன்றும் வரவில்லை. பிறகு, காப்பாற்றப்பட்ட பெண்களில் ஒருவரின் பெயரைப் போட்டுத் தேடியதும் தீர்ப்பு வந்திருக்கிறது. கைபேசியை என் பக்கம் திருப்பினாள்.

"பேச்சியம்மா அக்கா பேரு இருக்கு. மாரியம்மா அக்கா பேரு இருக்கு. இழுத்துட்டு வந்தவுக பேருக்கு மட்டும் மூணு எக்ஸ் போட்டிருக்கு, மாமா. இந்த ஒரு எடத்துல மட்டும் அப்பா பேரத் திரும்பப் போட வைக்க முடியுமா?"

முடியாது என்பதை எப்படிச் சொல்வது என்று யோசித்தேன். மறக்கப்படும் உரிமை, பெயரை வலையிலிருந்து நீக்கக் கேட்கும் அந்த உரிமை, உயிரோடு இருப்பவருக்கு உரியது. அது அவரோடு முடிகிறது. முடிந்த உரிமையை இன்னொருவர் வந்து திருப்பிப் பிடிக்கவோ கைவிடவோ சட்டத்தில் வழி இல்லை, எனக்குத் தெரிந்தவரை. நினைக்கப்படும் உரிமை என்று ஒன்று எந்தச் சட்டத்திலும் எழுதப்படவில்லை. இதோடு நிறுத்தியிருக்கலாம். அவளுக்கு அது போதுமானதாகவும் இருந்திருக்கும். இன்னொன்றையும் சொல்ல எனக்குக் கடமை இருக்கிறதா என்று தெரியவில்லை. ஆனாலும் சொன்னேன். இதையேதான் உன் அப்பாவும் கேட்டார், நான்தான் மறுத்தேன் என்றேன்.

அவள் கைபேசியை மேசைமேல் கவிழ்த்து வைத்தாள்.

"எங்ககிட்டச் சொல்லவே இல்ல. நீங்க முடியாதுன்னதும் என்ன சொன்னாக?"

"பேனா கேட்டார்."

"அவுக அப்படித்தான்," என்றாள். பிறகு, "அந்த எட்டு மாசம் நல்லாத்தான் இருந்தாக மாமா. கருக்கல்லயே எந்திரிச்சுச் சட்டையத் தேய்ப்பாக," என்றாள். எனக்கு ஆறுதலாகச் சொன்னாளா, வெறும் தகவலாகச் சொன்னாளா என்று என்னால் தீர்மானிக்க முடியவில்லை.

உத்தரவை மறுபடி எடுத்து வரி வரியாக வாசித்தேன். அது கட்டுப்படுத்துவது தீர்ப்பை வெளியிடும் தளங்களையும் செய்தித் தளங்களையும் மட்டுமே. ஒரு மகள் தன் தகப்பனைப் பற்றித் தன் சொந்த வார்த்தையில் எழுதுவதை அது தடுக்கவில்லை. அதை அவளிடம் சொன்னேன். அப்படி எழுதினால் பெயரையும் விபத்தையும் வலை மறுபடி ஒன்றாகச் சேர்த்துவிடும், பிறகு பிரிக்க முடியாது, உன் பிள்ளைகள் காலத்திலும் நிற்கும் என்றும் எச்சரித்தேன்.

"சேரட்டும் மாமா. சேரணும்னுதான கேக்கேன்."

நீங்களே எழுதிக் குடுங்க என்றாள். நான்கு வரி எழுதிக் கொடுத்தேன். வாசித்துப் பார்த்தவள் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "இது என்ன மாமா, நினைவஞ்சலியா, வக்கீல் நோட்டீஸா?" இரண்டு 'மேற்படி'களை அடித்தேன். ஒரு 'ஐயமற' இருந்தது. அதை அப்படியே விட்டுவிடச் சொன்னாள். பெயருக்கு நான் இடம் விட்டிருந்தேன். என் கை அங்கே போகவில்லை. பேனாவை வாங்கி அவளே எழுதினாள், முதலெழுத்து, புள்ளி, பெயர். வியாழக்கிழமை அதை அவள் பதிவிடுவாள். யார் தேடினாலும் முதல் வரியிலேயே, நீங்கள் அந்த அறைக்குள் மறுபடி போனது இருக்கும்.

அது அவள் எழுதுவது. என் பெயரில் வரும் எந்த எழுத்திலும் உங்கள் பெயர் இருக்காது. கேட்டு வாங்கியவன் நான், உத்தரவு என்னைப் பொறுத்தவரை நிற்கிறது.

காலண்டரை அவளே துண்டில் சுற்றி எடுத்துப் போனாள். இன்று காலை நீதிமன்ற அறை வாசலில் இரும்புக் கம்பியை உள்ளங்கையால் தொட்டேன். உங்கள் காரியம் முடிந்த மறுநாளிலிருந்து இதைச் செய்து வருகிறேன். பக்கத்தில் வந்த இளைய வக்கீல் ஒதுங்கி வழிவிட்டார், கும்பிடுகிறேன் என்று நினைத்திருப்பார். தொட்டபடியே உங்கள் பெயரை, வழக்குப் பதிவேட்டில் இருந்தபடி தந்தை பெயரோடு, வாய்க்குள் மூன்று முறை சொல்கிறேன். பதில் வருவதில்லை. மூன்றையும் சொல்லி முடித்துவிட்டுத்தான் உள்ளே போகிறேன்.