கலையாத அதிர்வு

பீலெஃபெல்ட்
12.01.2024

அன்புள்ள கஜந்திக்கு,

கைபேசியில் என்னைத் தடுத்து வைத்திருக்கிறீர். அதனால் தபாலில் எழுதுகிறேன். கிழித்துப் போடாமல் வாசியும். ஆதிரையின் காதுக்குள் கருவி வைக்கும் சத்திரசிகிச்சைப் பத்திரத்தில் கையெழுத்து வைத்து இத்துடன் அனுப்பியிருக்கிறேன். பெற்றார் இருவரும் கையெழுத்திட வேண்டுமென்று நாலு வருடமாக நீர் கெஞ்ச, நான் மறுக்க, கடைசியில் பிள்ளையோடு கொலோனுக்குப் போகக் காரணமான அதே பத்திரம்.

ஏன் இப்போது என்று கேட்பீர். போன மாதம் கனகவல்லி அக்கா காது டொக்டரிடம் மொழிபெயர்க்க என்னைக் கூட்டிக்கொண்டு போனா. ஒவ்வொரு உயிரும் ஓர் அதிர்வோடு பிறக்கிறது, காதுதான் வெளியிலுள்ள சத்தத்தை உள்ளே விட்டு அதைக் கலைக்கிறது என்று, நாங்கள் நம்பிப் போன அந்த அதிர்வகத் தியானக் கூட்டத்தில் எங்களுக்குப் படிப்பித்தவ. அங்கே என்னிடம், "தம்பி, வெளியில தெரியாத சின்ன மெஷினாக் கேளும். ஆக்கள் கதைக்கிறது எனக்கு விளங்குதில்லை" என்றா. அதை நானே என் வாயால் டொக்டருக்கு ஜெர்மனில் சொன்னேன்.

காது கேளாத எங்கள் பிள்ளையைக் 'கலையாத அதிர்வு' என்று சொல்லி, வெள்ளிக்கிழமைகளில் நடுவில் இருத்தினோமே. வந்தவர்கள் அவள் முதுகில் காது வைத்துக் கேட்க, நான் பெருமையோடு வரிசை ஒழுங்குபடுத்தினேனே. என்ன மடையன் நான்!

கருவியை இயக்கும் நாளில் நானும் வரலாமா? அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும்.

ஐங்கரன்

கொலோன்
02.02.2024

ஆதிரையின் அப்பாவுக்கு,

பத்திரம் கிடைத்தது. வருகிற 26ஆம் தேதி சத்திரசிகிச்சை. டொக்டர் ஒளிக்காமல் சொல்லிவிட்டார். இரண்டு வயதில் செய்திருந்தால் பேச்சு நன்றாக வந்திருக்குமாம். இப்போது ஆறு. சத்தம் கேட்கும், பேச்சுக்கு உறுதி தர ஏலாதாம்.

உங்கள் மேல் எனக்குள்ள கோபம் தீராது. ஆனால் நான் கோர்ட்டுக்குப் போயிருக்கலாம். 'புருசனைக் கோர்ட்டுக்கு இழுத்தவள்' என்று சனம் கதைக்குமென்று பயந்து சும்மா இருந்தேன். சனத்துக்கு என்ன, பிள்ளைக்கு அல்லவோ நாலு வருடம் போனது.

நீங்கள் வருவதைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன்.

கஜந்தி

பீலெஃபெல்ட்
20.03.2024

கஜந்தி,

உம்முடைய கடிதம் வருமென்று தபால் பெட்டியைத் திறந்து திறந்து பார்க்கிறேன். தேதியை மட்டும் எழுதும். மூலையில் நிற்கிறேன். உம்மோடு ஒரு கதையும் கதைக்கமாட்டேன்.

ஐங்கரன்

கொலோன்
05.04.2024

ஆதிரையின் அப்பாவுக்கு,

நேற்றுக் கருவியை இயக்கினார்கள். உங்களுக்கு வேண்டுமென்றேதான் சொல்லவில்லை. அந்த நாளாவது எனக்கு மட்டும் இருக்கட்டும் என்ற வீம்பு.

"முதல்ல அம்மா கதையுங்கோ" என்பதுபோல் கருவியை இயக்கிய ஜெர்மன்காரப் பெண் கை காட்டினா. பிள்ளை என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஐயோ, எனக்கு ஒரு சொல் வரவில்லை, அழுகைதான் வந்தது, அதுவும் சத்தமில்லாமல். பொறுத்துப் பார்த்துவிட்டு அவவே, "ஹலோ, அதிரா" என்று பெயரைப் பிழையாகச் சொல்லிக் கூப்பிட்டா. பிள்ளை திடுக்கிட்டு அவ பக்கம் திரும்பினாள்.

அவள் கேட்ட முதல் குரல் யாரோ ஒருத்தியுடையது. நீங்கள் நின்றிருந்தால் கூப்பிட்டிருப்பீர்கள். நான்தான் விடவில்லை.

அடுத்த சனிக்கிழமை வாங்கோ. எங்கள் இரண்டு பேருக்கும் இடையில் இனி ஒன்றுமில்லை, அது முடிந்தது. ஆனால் பிள்ளையோடு ஓயாமல் கதைக்க ஆள் வேண்டுமாம். அவள் முன்னால் எனக்கு இன்னும் வாயில் சொல் வருகுதில்லை.

கஜந்தி