இருபது பேருக்கும் உன்னைத் தெரியும்

மார்ச் 3

அன்புத் தம்பிக்கு,

எப்படியிருக்கிறாய்? வேலை வேலை என்று சாப்பாட்டைக் கோட்டை விடாதே. போனை எடுக்க மாட்டேன் என்கிறாய், அதனால்தான் கடிதம்.

மேல்வீட்டு எலக்ட்ரீசியன் அண்ணன் போய்விட்டார். மாடிப்படி விளக்கை மாற்ற ஏறியவர் ஷாக் அடித்துக் கீழே விழுந்தார். ஆம்புலன்சுக்குப் போன் செய்தேன். தெருப்பெயரைச் சொன்னதுமே, "அந்த ஏரியாவா? உள்ள வர மாட்டோம்மா, மெயின் ரோட்டுக்குத் தூக்கிட்டு வாங்க" என்றான். கதவைக் கழற்றி, அதில் கிடத்தி, தூக்கிக்கொண்டு ஓடினோம். பாதி வழியிலேயே மூச்சு அடங்கிவிட்டது.

மறுநாள் உங்கள் பேப்பரில், 'போதைத் தகராறில் ஒருவர் சாவு.' அந்த மனுஷன் டீயைத் தவிர எதைக் குடித்தார், நீயே சொல்! அதைப் படித்துவிட்டு அவர் மனைவியை, வீட்டுவேலை செய்த இடத்தில், "இனிமே வராதம்மா, பயமா இருக்கு" என்று நிறுத்திவிட்டார்கள். இரண்டு பெண்பிள்ளைகளை வைத்துக்கொண்டு பித்துப் பிடித்தவள்போல் உட்கார்ந்திருக்கிறாள்.

நடந்ததை நடந்தபடி போடச் சொல்லடா.

பாசமுள்ள அக்கா

மார்ச் 7

அன்புள்ள அக்காவுக்கு,

அந்தச் செய்தியை எழுதியதே நான்தான். போலீஸ் போனில் சொன்னதை அப்படியே எழுதினேன். தெருப்பெயரைக் கேட்டதும் நம் தெருதான் என்று தெரிந்தும் மறுக்கவில்லை. மறுத்துப் பேசினால், "உனக்கெப்படித் தெரியும்?" என்பார்கள். நான் அங்கே பிறந்தவன் என்று இங்கே ஒருவருக்கும் தெரியாது. பெண் கொடுக்கப்போகிறவர்களுக்கும் தெரியாது.

தயவுசெய்து ஆபீசுக்கு வந்துவிடாதே அக்கா. உன் காலில் விழுகிறேன்.

தம்பி

மார்ச் 15

தம்பிக்கு,

உன் கடிதத்தைப் படித்த பிறகும் வந்தேன். எனக்கு வேறு வழி தெரியவில்லை. தெருவில் எல்லோரும் கூடி உட்கார்ந்து நடந்ததை எழுதினோம். கையெழுத்துப் போட்ட இருபது பேரும், எலக்ட்ரீசியன் மனைவியும் வந்தோம்.

வாட்ச்மேன் உள்ளே விடவில்லை. நீயே இறங்கி வந்தாய். என்னைப் பார்த்து, "உங்களுக்கு என்னம்மா வேணும்?" என்றாய். பிறந்ததிலிருந்து என்னை நீ 'நீங்க' என்றதே கிடையாது. "சார், இதக் கொஞ்சம் பேப்பர்ல போடுங்க" என்று நானும் நீட்டினேன்.

கூட வந்தவர்கள் எல்லோரும் உன்னைக் கைக்குழந்தையிலிருந்து பார்த்தவர்கள். ஒருத்தராவது வாய் திறந்தார்களா? தலையைக் குனிந்துகொண்டு நின்றார்கள். நீ எழுதினாயே, அந்தப் 'போதைத் தகராறு' ஆட்கள்தான்.

எலக்ட்ரீசியன் மனைவி மட்டும் நீ தெருவை விட்டுப் போன பிறகு கல்யாணமாகி வந்தவள், உன்னைத் தெரியாது. "அந்த சார் நல்லவரா தெரியுறாருக்கா, போட்டுடுவாரு" என்றாள். அன்றிலிருந்து தினமும் காலையில் பேப்பரைத் தூக்கிக்கொண்டு வருகிறாள். எழுத்துக்கூட்டித் தேடுகிறாள். இன்றோடு ஐந்து நாள்.

இனி எனக்கு நீ எழுத வேண்டாம். எழுதுவதென்றால் பேப்பரில் எழுது.

அக்கா