இறங்கியவர் நான்கு, ஏறியவர் மூன்று

ஏலே, இன்று காலை வள்ளத்தின் முன்பெட்டியைத் திறந்தேன். டீசல் நெடியோடு உன் சிலேட்டு கைக்கு வந்தது. ‘இறங்கியவர்’ என்று எழுதி நாலு கோடு, ‘ஏறியவர்’ என்று எழுதி நாலு கோடு, நீ கடைசியாகப் போட்டது அழியாமல் இருக்கிறது. உன்னை அடக்கம் செய்து நாற்பது நாள் கழித்து, இன்றுதான் சங்கெடுக்கப் போனோம். அங்கே நடந்ததை உன்னிடம் சொல்லாவிட்டால் எனக்கு மண்டை வெடித்துவிடும். ஆனால் பழசிலிருந்து வந்தால்தான் எனக்குச் சரிப்படும்.

கடற்படையில் பதினைந்து வருடம் நீர்மூழ்கியில் இருந்துவிட்டு ஊருக்கு வந்தாய். சும்மா இருக்க முடியாமல் என் வள்ளத்தில் ஏறினாய். நாங்கள் முதுகில் சிலிண்டரைக் கட்டிக்கொண்டு சங்குக்குக் குதிப்போம், நீ மேலே எஞ்சினைப் பார்த்துக்கொள்வாய் என்று பேச்சு. ஆனால் உன் பாஷையே தனி. துறைமுகத்துக்குள் கண்டெய்னர் கப்பல் நுழைந்தால், “அந்தா ஒரு டார்கெட்டு வாரான்” என்பாய். நீர்மூழ்கிக்காரனுக்கு மேலே போகிற கப்பல் எல்லாம் டார்கெட்தானாம். “மெதுவா சொல்லுல, போலீஸ்காரன் காதுல விழுந்துச்சுன்னா நம்மளப் புடிச்சு உள்ள வச்சிருவான்” என்று உன் வாயைப் பொத்தியிருக்கிறேன். நீர்மூழ்கியைக் கப்பல் என்று யாராவது சொல்லிவிட்டால் போதும், உனக்கு மூக்குக்கு மேல் கோபம் வரும். “கப்பல் இல்லல, போட்டு! ஒன் வள்ளமும் போட்டு, நான் இருந்ததும் போட்டு.” அதைக் கேட்க எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. உன்னிடம் சொன்னதில்லை.

சட்டமோ சட்டம்! எந்த வேலை சொன்னாலும் அதைத் திருப்பிச் சொல்லிவிட்டுத்தான் செய்ய வேண்டும். “நங்கூரத்தத் தூக்கு” என்றால் “நங்கூரத்தத் தூக்குதேன்” என்று கத்த வேண்டும். எவனாவது டம்ளரை ணங்கென்று வைத்தால், “சைலன்ட்!” என்று ஒரு அதட்டு. போட்டுக்குள் ஒரு கரண்டி விழுந்தாலும் எதிரிக்குக் கேட்டுவிடும் என்பாய். “இங்கன எவன் எதிரி அண்ணாச்சி, சுறாவா?” என்று என் தம்பி அந்தோணி கேட்டான். வள்ளமே சிரித்தது, நீயும்தான்.

இதற்கெல்லாம் மேலே அந்த சிலேட்டு. ஒவ்வொருவன் குதிக்கும்போதும் ஒரு கோடு, ஏறும்போதும் ஒரு கோடு. “ரெண்டும் ஒண்ணா இருந்தாத்தான் போட்டு நகரும்” என்பாய். நாலு பேரை எண்ணத் தெரியாதவனா நான் என்று எனக்குப் பற்றிக்கொண்டு வரும்.

ஒரு நாள் முயல் தீவுக்கு வெளியே நல்ல காற்று, அலையில் குமிழி எதுவும் தெரியவில்லை. நாங்கள் மூன்று பேர் ஏறிவிட்டோம். அந்தோணியைக் காணோம். அவன் பக்கத்து வள்ளத்தில் ஏறி அவர்கள் சோற்றைத் தின்றுவிட்டு வருகிற பழக்கமுள்ளவன். அந்த வள்ளமும் தெற்கே போய்விட்டது.

“அதுலதான் ஏறிப் போயிருப்பான். எஞ்சினப் போடுல, போவோம்” என்றேன்.

நீ சிலேட்டைத் தூக்கிக் காட்டினாய். “எறங்குனது நாலு, ஏறுனது மூணு. நகராது.”

“வள்ளம் ஒன்னுதா என்னுதால?” என்று கையை ஓங்கிவிட்டேன். நீ என்னைப் பார்க்கக்கூட இல்லை. “சைலன்ட்” என்றாய், இந்தத் தடவை மெதுவாக.

பாட்டுப் பாடிக்கொண்டிருந்த போனை மற்றவர்கள் அணைத்தார்கள். நீ துடுப்பைத் தண்ணீருக்குள் விட்டு, அதன் மேல்முனையில் காதை வைத்தாய். நீர்மூழ்கியில் சோனாரில் உட்கார்ந்து கடலைக் கேட்பதுதான் உன் வேலை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. இடப்பக்கம் கேட்டாய், வலப்பக்கம் கேட்டாய். முன்பக்கம் போனதும் உன் முகம் மாறியது.

“தட்டுதான்ல! சிலிண்டர்ல கத்திய வச்சுத் தட்டுதான். முன்னால போ!”

“முன்னால போறேன்!” என்று என்னை அறியாமல் திருப்பிச் சொல்லிவிட்டுக் குதித்தேன்.

யாரோ விட்டுப்போன பழைய வலை. அவன் சிலிண்டரின் மேல்பக்கம் அதில் மாட்டிக்கொண்டு, கை எட்டாமல் கிடந்தான். காற்று முடிகிற நேரம். அறுத்து மேலே கொண்டுவந்தேன். அவன் வாந்தியெடுத்தான், அழுதான், நானும் அழுதேன். நீ நாலாவது கோட்டைப் போட்டுவிட்டு, “இப்பப் போலாம்” என்றாய். கை ஓங்கியதற்கு நான் உன்னிடம் மன்னிப்பே கேட்கவில்லை. இப்போது கேட்கிறேன்.

இன்று உன் எழுத்தைத் துடைக்க எனக்குக் கை வரவில்லை. அந்தோணிதான் ஈரத்துணியை நீட்டினான். “பழைய கோடு இன்னைக்கு எறங்குறவனக் காப்பாத்தாதுண்ணே. தொட.” துடைத்தேன். நான் குதிக்கவில்லை, என் சிலிண்டரைப் புதுப் பையன் ஒருவனுக்குக் கட்டிவிட்டு உன் இடத்தில் நின்றேன். யாரும் கேட்காமலே “நாலு பேரு எறங்குதோம்!” என்று அவர்கள் கத்த, “நாலு பேரு எறங்குதாங்க!” என்று நானும் கத்தினேன். அப்போது பக்கத்து வள்ளத்துக்காரர் சத்தம் போடுகிறார்: “அண்ணாச்சி, அந்த சிலேட்டு எங்கன வாங்குனீய? எங்களுக்கும் ஒண்ணு வேணும்!” உன்னை சப்மரின் பைத்தியம் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்த அதே மனுசன்! சந்தோசத்தில் எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. திரும்பி எஞ்சின் பக்கம் பார்த்தேன், உன்னிடம் சொல்ல.

நாலு பேரும் ஏறினார்கள், நாலு கோடு போட்டேன். அப்புறம் சிலேட்டின் மூலையில் தனியாக ஒரு கோடு. உன்னைக் குழிக்குள் இறக்கினோமே, அதற்கு. உயிர்த்தெழும் நாள் ஒன்று உண்டு என்று சாமியார் அன்று சொன்னார். எனக்கும் நம்பிக்கை உண்டு. அதனால் ஏறியவர் பக்கத்தில் உனக்கு இடம் விட்டிருக்கிறேன், அந்த மூலையில் துணி படாது. ஆனால் ஒன்று, நீ ஏறாமலே இன்று எஞ்சினைப் போட்டு வள்ளத்தை நகர்த்திவிட்டேன். திட்டணும்னா மேல வந்து திட்டுல.